இருங்க என்று கத்தினேன்

ஓடுகிறோம். முன்னால் பரமேஸ்வரி அக்கா. பின்னால் நான். யாழ்ப்பாணத்துக்குக் கிழக்கே ஒரு பனங்காடு. இரண்டாயிரம், மே மாதம், பிற்பகல் மூன்று பத்து. முதல் ஷெல் கிணற்றடியில் விழுந்தது. மண் கொட்டும் சத்தம் இன்னும் ஓயவில்லை. பங்கர் என்கிற பதுங்குகுழி எங்கே என்று அக்காவுக்குத்தான் தெரியும்.

நான் கொல்லிமலைக்காரன். மலையில் எங்கள் பகுதிக்குப் பெயர் குண்டனி நாடு. எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவன். பத்திரிகையில் சேர்ந்து மூன்றாவது வருடம். அங்கேயும் தமிழ்தானே, மொழிபெயர்க்க ஆள் வேண்டாம் என்று ஆசிரியர் என்னை அனுப்பினார். அக்காவும் அவர் கணவர் ராசண்ணையும் தங்க இடம் கொடுத்தார்கள். வந்த அன்றைக்கு, "இருங்கோ தம்பி" என்றார் அக்கா. பொறுக்கச் சொல்கிறார் என்று வாசலிலேயே நின்றேன். சிரித்துவிட்டார்.

"என்ன நிக்கிறீங்கள்? கதிரையில இருங்கோ."

அங்கே இரு என்றால் உட்கார். எங்கள் மலையில் இரு என்றால் நில். ஏற்றத்தில் பின்தங்கியவன் அப்படித்தான் குரல் கொடுப்பான். முன்னால் போகிறவர் நிற்பார்.

இரண்டாவது ஷெல். புகை. அக்காவைக் காணோம். பிறகு சேலை மட்டும் தெரிகிறது. கத்துகிறேன்.

"இருங்க! வாரேன்!"

அக்கா உட்கார்ந்தார். முழங்காலைக் கட்டிக்கொண்டு, தலை குனிந்து. பங்கர் வாசலில் ராசண்ணையின் குரல்.

"இருக்காதை! ஓடி வா!"

மூன்றாவது ஷெல் கூவிக்கொண்டு வரவில்லை. வெடித்தது மட்டும் கேட்டது.

பங்கருக்குப் பத்து எட்டுதான். பிறகு நடந்து பார்த்தேன்.

பொழுது சாயும் முன் ராசண்ணை ஒன்றே ஒன்று கேட்டார். "ஏன் தம்பி இருக்கச் சொன்னனீங்கள்?"

அந்த வித்தியாசம் எனக்கு மூன்று நாளாகத் தெரியும். ஓடும்போது வாயில் வந்தது மலைப் பேச்சு.

மலைக்குத் திரும்பினேன். மரவள்ளிக்கிழங்கு உரித்துக்கொண்டே அம்மா விசாரித்தாள். சோறு கிடைத்ததா, பேச்சு புரிந்ததா என்றெல்லாம்.

"அவிங்களுதும் நம்ம பேச்சுத்தான சாமி?"

ஆமாம்மா என்றேன்.

இரண்டாயிரத்து இரண்டு. போர்நிறுத்தம். கண்காணிக்க வெளிநாட்டவர்கள் வந்தார்கள். வெள்ளை ஜீப்புகள். அவர்களைப் பற்றி எழுதத்தான் மறுபடி போனேன். அக்காவின் ஊருக்கும் அவர்களோடு போனேன். ராசண்ணை ஒரு தாளில் அன்று ஷெல்லில் செத்தவர்களின் பெயர்களை எழுதி வைத்திருந்தார். ஜீப்பில் வந்த அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். ஒப்பந்தத்துக்குப் பிறகு நடந்தது மட்டுமே பதிவாகுமாம். அதை ராசண்ணைக்குத் தமிழில் சொன்னது நான். ஒவ்வொரு சொல்லையும் யோசித்துச் சொன்னேன்.

அவர் தாளை மடித்தார். "அப்ப இதுகளை எங்க எழுதுறது, தம்பி?"

இங்கே எழுதுகிறேன், அண்ணை. அன்றைக்குச் சொல்லாத பதிலையும் சேர்த்து.

அந்தத் தோப்பில் அன்று போனவை: கிணறு ஒன்று. பனை ஏழு. பசுவும் கன்றும். கிணற்றடியில் நின்ற செல்லத்துரை, வயது அறுபது. அவர் மகள் மலர், பத்தொன்பது. பரமேஸ்வரி, முப்பத்து நான்கு.

மூன்று பேர். முதல் இருவரைக் கொன்றது ஷெல். மூன்றாமவரை ஷெல்லும் நானும்.