அப்பா சாகிற காட்சி

புதுச்சேரியில் ஓர் அப்பா சாவதற்கு இரண்டாயிரத்து ஐந்நூறு ரூபாய். வசனம் பேசிவிட்டுச் செத்தால் மூவாயிரம். சாப்பாடும் பஸ் செலவும் இதில் அடக்கம். விலையை வைத்தவன் நான்தான் இன்ஸ்பெக்டர் சார். இங்கே படப்பிடிப்புக்கு வரும் சீரியல் கம்பெனிகளுக்கு வீடு, வண்டி, துணை நடிகர் எல்லாம் பிடித்துக் கொடுப்பது என் தொழில்.

எடிட் செய்யாத காட்சியை நீங்கள் பார்த்துவிட்டீர்கள். அதில் சாகிற நடிகர் தட்சிணாமூர்த்தியின் கை யாரை நோக்கி நீள்கிறது என்று கேட்டீர்கள். என்னை நோக்கித்தான். அதை மட்டும் சொன்னால் உங்களுக்குப் புரியாது.

என் அப்பா தேங்காய்த்திட்டுத் துறைமுகத்தில் ஏலத்தில் மீன் எடுக்கிற வியாபாரி. நல்ல வஞ்சிரத்தைக் கண்டால் முகம் சுளிப்பார். செவுளைத் திறந்து பார்த்து மூக்கைப் பொத்திக்கொள்வார். "காலைல வந்த மீனுய்யா, கண்ணப் பாரு, உன்னையே மொறைக்குது" என்பாள் விற்கிறவள். இவர் காறித் துப்புவார். விலை இறங்கும். எங்கள் வீட்டில் அருவருப்பு ஒரு தொழில் கருவி. தராசு மாதிரி.

மூர்த்தி அண்ணனையும் நான் அப்படித்தான் பிடித்தேன். வேலை பார்த்த மில் மூடிய பிறகு நாடகம், டிவி என்று அலைந்துகொண்டிருந்தார். சினிமாவில் அமைச்சருக்குப் பின்னால் குடை பிடித்து நிற்கிற தாசில்தாரை நீங்கள் பார்த்திருப்பீர்கள், பெயர் தெரிந்திருக்காது. அது அவர். சீரியலில் மகளின் கல்யாணம் நின்றதும் மார்பைப் பிடித்துக்கொண்டு சரிகிறவரும் அவர்தான். முதல் நாள் அவரைச் சுற்றி வந்து முகத்தைச் சுளித்து, "உன் மூஞ்சிக்கு இதுவே அதிகம்ண்ணே" என்றேன். சண்டைக்கு வருவார், அதிலிருந்து பேரம் தொடங்கும் என்று எதிர்பார்த்தேன்.

"ஆமாந் தம்பி. நானும் தெனம் கண்ணாடில பாக்கறனே" என்று சிரித்தார்.

பேரம் பேசாத மனிதரை நான் அதுவரை பார்த்ததில்லை. அன்றைக்குத்தான் எனக்கு நிஜமாகவே குமட்டியது. கொடுத்ததை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். யாரோ கடித்து வைத்த துண்டையும் விடாமல் செட்டில் மிஞ்சிய பிரியாணியை மனைவிக்குக் கட்டிக்கொண்டு போவார். அவரைப் பல வருடம் சகித்துக்கொண்டேன். அதையும் கணக்கில் எடுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பிணமாகப் படுத்தவர் ஷாட் முடிந்ததும் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடித்தால்தான் தோஷம் கழியும். அண்ணன் அதில் கெட்டிக்காரர். அவர் சிரித்தால் லைட் பிடிக்கிறவன்கூடச் சிரிப்பான்.

மார்ச் மாதம் சென்னையிலிருந்து சிந்துஜா என்று ஒரு டைரக்டர் போன் செய்தார். அண்ணனைக் கேட்டு யார் கூப்பிட்டாலும் என் நம்பருக்குத்தான் வரும். பெரிய படம், அப்பாதான் கதையே, அவரைத் தவிர யாரையும் யோசிக்க முடியவில்லை என்றார். குரலைத் தாழ்த்தி, அவர் போய்ச் சேர்ந்துவிட்டார் என்றேன். ஒரு சீரியலில் சுவரில் மாட்டிய, மாலை போட்ட அவர் படம் என் போனில் இருந்தது. அதை அனுப்பினேன். சரக்கு கைவிட்டுப் போகிற நேரத்தில் எந்த வியாபாரியும் செய்வதுதான். அந்தம்மா அழுதார். ஆறுதல் சொன்னேன்.

துக்கம் கேட்க அவர் முத்தியால்பேட்டையில் அண்ணன் வீட்டுக்கே வருவார் என்று நான் நினைக்கவில்லை. சினிமாக்காரர்கள் வழக்கமாக அவ்வளவு தூரம் வருவதில்லை. கதவைத் திறந்தது ரஞ்சிதம் அண்ணி. உள்ளே செத்தவர் லுங்கியைக் கட்டிக்கொண்டு முறுக்கு தின்றுகொண்டிருந்தார்.

மறுநாள் ஒயிட் டவுனில் பழைய பங்களாவில் ஷூட்டிங். கன்னத்தில் ஒன்று விழும் என்று தயாராக நின்றேன். அண்ணன் என் தோளில் கையைப் போட்டார்.

"போட்டோ பாத்தேன் தம்பி. எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா கண்ண மூடிக்கினு இன்னும் நல்லா போஸ் குடுத்திருப்பனே."

"அண்ணே, அது வந்து..."

"வுடு. புள்ளகுட்டிக்காரன், நீயும் பொழைக்கணும்ல. திங்கக்கெழம சென்னைக்குப் போறேன். இன்னிக்கு சாவு உனக்காக. காசு வேணாம்."

இலவசம். எங்கள் குடும்பத்தில் யாரும் யாருக்கும் எதையும் சும்மா கொடுத்ததில்லை, சும்மா வாங்கியதுமில்லை. எச்சில் பிரியாணி கட்டிக்கொண்டு போகிற மனிதர் என்னை மன்னித்துவிட்டு, அதற்கு விலையும் சொல்லாமல் நிற்கிறார். அவர் கை பட்ட இடத்தைக் குழாயடியில் போய்க் கழுவினேன்.

அவருக்கு நிஜமாகவே நெஞ்சுவலி உண்டு. நாக்குக்கடியில் வைக்கிற மாத்திரை எப்போதும் பையில் இருக்கும். அன்றைக்குப் பனியனோடு சாக வேண்டும். பனியனில் பை கிடையாது. வழக்கம்போல மாத்திரை அட்டையை என்னிடம் கொடுத்துவிட்டுப் போய்ச் சோபாவில் உட்கார்ந்தார்.

மார்பைப் பிடித்தார். சரிந்தார். அதுவரை ஒத்திகையில் பார்த்ததுதான். பிறகு வியர்த்தது. கேமராவை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பிக் கையை நீட்டினார்.

"தம்பி... மாத்தர."

கதையில் அவருக்குத் தம்பி கிடையாது. சீரியல் டைரக்டர் என்னைப் பார்த்தார்.

"கட் பண்ணாதீங்க சார். அண்ணன் சீனை டெவலப் பண்றாரு" என்றேன்.

அட்டை என் சட்டைப் பையில்தான் இருந்தது. அதன் முனை நெஞ்சில் குத்தியது. அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் முகத்தைச் சுளித்தேன். பழக்கம்.

கட் சொன்னதும் கைதட்டினார்கள். உதவி டைரக்டர் குனிந்து, "சார், சிரிங்க. சார்" என்றான். கேமரா அதற்காகக் காத்துக்கொண்டே ஓடியது. கோரிமேட்டு ஆஸ்பத்திரிக்கு வண்டி பிடித்தவனும் நான்தான்.

நீங்கள் இப்போது முகம் சுளிக்கிறீர்கள் சார். அப்பா பார்த்திருந்தால் மெச்சியிருப்பார்.

கணக்கைச் சொல்லிவிடுகிறேன். அவர் வேண்டாம் என்ற காசை அண்ணி கையில் கொடுத்துவிட்டேன். வசனம் பேசிவிட்டுப் போனதால் மூவாயிரம். மாலை என் செலவு. சிந்துஜாவிடம் சொன்னதும் இப்போது பொய் இல்லை. என் பக்கம் எல்லாம் நேர். அந்தச் சிரிப்பு ஒன்றுதான் வந்து சேரவில்லை. அது அவர் எனக்கு வைத்துவிட்டுப் போன பாக்கி.