பிஷப்புக்கு இருந்த மானம்

"அந்த பிஷப்புக்கு இருந்த மானம்கூட உங்களுக்கு இல்லையே!"

ஹூஸ்டன் குடியேற்ற அலுவலக வரிசையில், எனக்குப் பின்னால் ஒரு பெண்மணி கணவரிடம் கொதித்தாள். விசா பயத்தில் நான் பாஸ்போர்ட்டைப் பல்லில் கவ்விக்கொண்டே பையில் பாஸ்போர்ட்டைத் தேடிக்கொண்டிருந்தேன். உள்ளூர் பிஷப் வம்பு என்று நினைத்துக் காதைத் தீட்டினேன். ஆள் செத்து நானூறு வருஷம் ஆகிறதாம்.

"சண்டே ஸ்கூலுக்காகப் படிச்சேங்க. அப்ப அவர் இங்கிலாந்துல பெரிய படிப்பாளி. கத்தோலிக்கரான புது ராணியோட ஆளுங்க மிரட்டினதும், தன் விசுவாசத்துக்கு எதிராவே கையெழுத்துப் போட்டுட்டார்."

"உயிர்ப் பயம்டி."

"ஆனா ஜெர்மனிக்குத் தப்பிச்சுப் போனதும், சர்ச்ல எல்லார் முன்னாடியும் நின்னு, நான் பண்ணது தப்புன்னு சொன்னார். அப்புறம்தான் பிஷப். நீங்க? மேனேஜர் மிரட்டினதும், கூட வேலை பார்க்கற செல்வம்தான் ப்ராஜெக்டைக் கெடுத்தான்னு பொய்யா சைன் பண்ணிட்டு வந்திருக்கீங்க. நாளைக்கு அவனை லே-ஆஃப் பண்ணப்போறாங்க!"

"பிஷப்புக்கு எச்-ஒன் விசா பிரச்சினை கிடையாதே."

"அவரை உயிரோட கொளுத்தியிருப்பாங்க. உங்களை மெட்ராஸுக்குத்தானே அனுப்புவாங்க?"

"மே மாசத்துல ரெண்டும் ஒண்ணுதான்."

வாயில் பாஸ்போர்ட் இருந்ததால் நான் சிரிக்கவில்லை. அவள் வாயில் எதுவும் இல்லை, அவளும் சிரிக்கவில்லை.

சற்று நேரம் கழித்துக் கணவர் வரிசையை விட்டு விலகி, பே-ஃபோன் பக்கம் திரும்பினார்.

"செல்வம் நம்பர் என்ன?"

"அவன்கிட்ட எதுக்கு? மேனேஜருக்குப் போடுங்க."