கேக்கு வெட்டும் காட்சி

– நாரி பிளக்குது சுபானி. விடிய வெள்ளண்ண தொடக்கம் மா மூட்டை தூக்கிப்போட்டு வாறன். சப்பாத்தையாவது கழட்ட விடு.

– அப்பிடியே இருங்கோ அப்பா! நாளைக்குத் தொலைக்காட்சிக்காரர் என்னைச் சந்திக்க டேர்மீன் தந்திருக்கினம். நான் எடுத்த படத்தை முதல்ல நீங்கள்தான் பாக்கவேணும். தம்பியை இவ்வளவு வருசத்துக்குப் பிறகு பாக்க ஆசை இல்லையோ?

– போடு, போடு… அட, ஆரிது, மிசினில ஏறிக் குந்தியிருக்கிறது?

– சித்தப்பா! புல்லு வெட்டுறார். சனிக்கிழமை எண்டால் அமெரிக்காவில தெரு முழுக்க இந்தச் சத்தம்தான்.

– கள்ளன்! ஊரில மண்வெட்டியைத் தொடமாட்டான். இருந்துகொண்டெல்லோ வெட்டுறான்! வயிறும் வண்டி வைச்சிட்டுது.

– இப்ப பாருங்கோ, பக்கத்து வீட்டு வெள்ளைக்காரன் வேலிக்கு மேலால கூப்பிடுறான்.

– ஓம்?

– உங்களை இல்லை அப்பா! சித்தப்பாவை.

– மகேன் எண்டெல்லோ கூப்பிட்டவன்.

– ஓம், மகேந்திரராஜா. எங்கட குடும்பப் பேர்! இஞ்ச ஜேர்மனியில, பீலெஃபெல்டில எங்கட கதவு மணியில, அங்க ஒஹாயோவில அவற்ற தபால்பெட்டியில. அதுதான் என்ர முதல் காட்சி. எடுக்கேக்க எனக்குப் புல்லரிச்சுது!

– விசர்க் கதை. எங்கட ஆக்களுக்கு ஏது குடும்பப் பேர்? உன்ர பேருக்குப் பின்னால நிக்கிறது நான். அவன்ர பேருக்குப் பின்னால நிக்கவேண்டியது உன்ர அப்பப்பா, கந்தையா.

– அப்ப சித்தப்பா எப்பிடி மகேந்திரராஜா?

– கொழும்பில ரெண்டுபேருக்கும் ஒரு பாஸ்போட்தான் இருந்தது. என்ர. மூஞ்சி ஒண்டு. அவன் சின்னவன், பயந்து நடுங்கினான். நீ போடா எண்டன்.

– ஐயோ அப்பா, இதுதான் படம்! பொறுங்கோ, கமராவைப் போடுறன், திருப்பிச் சொல்லுங்கோ!

– கமராவைக் கீழ வை. அந்தப் பேரிலதான் அவனுக்கு அங்க குடியுரிமை. அண்ணனுக்கும் தம்பிக்கும் ஒரே பேரோ எண்டு ஒருத்தன் கேட்டால் போதும், அவன் முடிஞ்சான்.

– தபால்பெட்டி இல்லாட்டி எனக்குப் படமே இல்லை அப்பா!

– தபால்பெட்டியை வெட்டு. புல்லு வெட்டுறதைக் காட்டு, நல்லாயிருக்கு. இதென்ன, கேக்கோ?

– சித்தப்பான்ர அறுவதாவது பிறந்தநாள். தெருவே வந்து பாடினது. அவர் மெழுகுதிரியை ஊதாமல் கமராவைப் பாத்து அழுதவர். ஏனெண்டு சொல்லேல்லை.

– கேக்கு வெட்டுறதையும் வெட்டு.

– அது ஏன்?

– அவனுக்கு அம்பத்தேழுதான். அது என்ர பிறந்தநாள்.

– உங்கட பிறந்தநாள் சனவரி ஒண்டெல்லோ! நாங்கள் கேக்கு வெட்ட, ஊரே வெடி கொளுத்தும்!

– பிறகு நான் பாஸ்போட் இல்லாமல் இஞ்ச வந்து இறங்கேக்க, பேரை மாத்திச் சொல்ல எனக்கு வாய் வரேல்லை. பேரும் நாளும் ஒத்துப்போனால் அவன் பிடிபடுவான் எண்டு, பிறந்த நாள் தெரியாது எண்டன். தெரியாத ஆக்களுக்கெல்லாம் இவங்கள் போடுறது சனவரி ஒண்டு.

– அவரில கோவம் இல்லையோ அப்பா?

– பேர் பரவாயில்லை, ரெண்டுபேரும் வைச்சிருக்கிறம். பிறந்தநாள் ஒண்டுதான் இருந்தது. அதை அவன் எனக்கு இன்னும் திருப்பித் தரேல்லை.