இடது கையால் கூப்பிட்டவள்

தோயோ: எத்தனை தடவை கயித்தை ஆட்டுறது! படகுல தூங்கிட்டீங்களா?

கன்பெய்: இந்தா, கையைக் குடு... ஏறு. என்ன, வெறுங்கையோட வந்திருக்கே? சிப்பியெல்லாம் ஊரைக் காலி பண்ணிட்டுப் போயிடுச்சா?

தோயோ: விளையாடாதீங்க. துடுப்பைப் போடுங்க. கரைக்குப் போலாம்.

கன்பெய்: இப்பத்தானேடி முங்குனே...

தோயோ: கீழ அது இருக்கு.

கன்பெய்: எது?

தோயோ: தண்ணி மேல உக்காந்துக்கிட்டு அது பேரைச் சொல்லச் சொல்றீங்களே!

கன்பெய்: ...டோமோகசுகியா?

தோயோ: சொல்லிட்டீங்களா! வாயை வச்சுக்கிட்டு சும்மாவே இருக்க மாட்டீங்க.

கன்பெய்: அட போடி. போன மாசம் ஒசுமி இப்படித்தான் பேயைப் பாத்தேன்னா. ஊருல ஒரு பொம்பளையும் முங்காம கரையில உக்காந்தீங்க. கடைசியில பாத்தா கடல்பாசி.

தோயோ: கடல்பாசிக்கு என் மூஞ்சி இருக்குமா? வெள்ளைச் சட்டை, வெள்ளைத் தலைத்துணி... கண்ணாடியில என்னையே பாக்குற மாதிரி இருந்துச்சு. முங்குறவ உருவத்துலயே அது வரும்னு சொல்லுவாங்கல்ல... அப்படியே.

கன்பெய்: மேகம் மூடியிருக்கு. கீழ ஒரே கலங்கல். உன் நிழலைப் பாத்திருப்பே.

தோயோ: நிழல் கூப்பிடுமா? இடது கையை ஆட்டி ஆட்டிக் கூப்பிட்டுச்சுங்க. வா, வான்னு.

கன்பெய்: கையில சிப்பி வச்சிருந்துச்சா? சிப்பியை நீட்டித்தானே அது ஆளை இழுக்கும்?

தோயோ: இல்ல. வெறுங்கை.

கன்பெய்: நீ என்ன பண்ணே?

தோயோ: என்ன பண்ணுவேன்? முதுகைக் காட்டித் திரும்பி மேல வந்துட்டேன். அதுகிட்ட மூஞ்சி குடுக்கக் கூடாதே.

கன்பெய்: வெறுங்கையா... சரி, இன்னொரு கை?

தோயோ: அது தெரியல. பாறைக்கு அடியில இருந்துச்சு.

கன்பெய்: பாறைக்கு அடியிலயா? வெளிய எடுக்கவே இல்லையா?

தோயோ: எதுக்கு இப்போ இத்தனை கேள்வி? துடுப்பைப் போடுங்கன்னா...

கன்பெய்: தோயோ. அது வாயிலேருந்து குமிழி வந்துச்சா?

தோயோ: வந்துச்சு. கொஞ்சமா...

கன்பெய்: பேய் மூச்சு விடுமாடி?

தோயோ: ஏங்க... ஏன் உங்க மூஞ்சி வெளுத்துப் போச்சு?

கன்பெய்: அந்தப் பாறைக்குப் பின்னால பாரு. மிதக்குதே, அது...

தோயோ: முங்குறவங்க சிப்பி போடுற மரத்தொட்டி. இன்னைக்கு இந்தப் பக்கம் நம்மளைத் தவிர யாரு... சிவப்புக் கயிறு கட்டியிருக்கு. ஐயோ, அது கினுவோட தொட்டிங்க! என் தங்கச்சியோடது!

கன்பெய்: காலையில வந்து கெஞ்சுனா. "அத்தான், அக்காகிட்ட மூச்சு விடாதீங்க, ஒரே ஒரு தடவை முங்கிட்டு ஓடிடுறேன்"னு. நான்தான் இந்த எடத்தைக் காட்டிவிட்டேன். நாம வர்றதுக்குள்ள போயிருப்பான்னு நெனச்சேன்...

தோயோ: வயித்துல புள்ளையோட இருக்குறவளையா! என் புள்ளை இந்தத் தண்ணியிலதானே கரைஞ்சு போச்சு! கூட இருந்து பாத்த மனுஷன்தானே நீங்க?

கன்பெய்: திட்டுறதை அப்புறம் திட்டு. இரு... இரு. மொதல்ல இதைச் சொல்லு. அது தலைத்துணியில நட்சத்திரம் இருந்துச்சா?

தோயோ: ...இல்ல.

கன்பெய்: நல்லாப் பாத்தியா?

தோயோ: நெத்திக்கு நேரா பாத்தேன். வெறும் வெள்ளைத் துணி.

கன்பெய்: அப்பாடா! உசுரே வந்துச்சு. கினு துணியில நட்சத்திரம் இருக்கே. நீதானே உன் கையால தைச்சுக் குடுத்தே, நூலை அறுக்காம ஒரே இழையில. தொடங்குன எடத்துலயே வந்து முடியிற மாதிரி முங்குனவளும் மேல வந்து சேரணும்னு. அதைத்தானே அந்தப் பேயால போட்டுக்க முடியாது? அப்போ கீழ இருக்குறது பேய்தான். கினு பாறைக்கு அந்தப் பக்கம் எங்கயாவது...

தோயோ: எடைக்கல்லைக் குடுங்க.

கன்பெய்: என்னது?

தோயோ: கல்லைக் குடுங்கங்கிறேன்! நான் இறங்கணும்.

கன்பெய்: பைத்தியமா உனக்கு? நட்சத்திரம் இல்லன்னு நீதானே சொன்னே! உன்னையும் அதுக்குக் குடுத்துட்டு நான்...

தோயோ: அது பேய் இல்லங்க.

கன்பெய்: உனக்கு எப்படித் தெரியும்?

தோயோ: தெரியும். கையை விடுங்க!

கன்பெய்: தோயோ! ஏய்... போயிட்டாளே.

கன்பெய்: கயிறு ஓடுது... ஓடுது... நின்னுடுச்சு. கடல் சாமியே, நான்தான் வாயை மூடிக்கிட்டு இருந்தேன். கேக்குறதா இருந்தா என்னைக் கேளு. அவளுங்களை விட்டுடு. ஆட்டுடி... ஒரு தடவை ஆட்டுடி போதும். இவ்வளவு நேரம் நீ இருக்க மாட்டியே... ஆட்டிட்டா! வா, வா... என்ன இந்தக் கனம் கனக்குது... ரெண்டு தலை! ரெண்டு தலை தெரியுது!

தோயோ: இவளை... மொதல்ல இவளைத் தூக்குங்க...

கன்பெய்: கினுதான்! ஐயையோ, கையெல்லாம் ரத்தம்.

தோயோ: சிப்பி உளியைச் சேத்துப் பாறையோட கவ்விக்கிச்சு. உளிக்கயிறு மணிக்கட்டுல இறுகிக் கிடந்துச்சு. அறுத்துட்டேன். அப்படி இல்ல, பக்கவாட்டுல சாய்ங்க! வயிறு, வயிறு... பாத்து! முதுகைத் தட்டுங்க. கினு! ஏய்!

கன்பெய்: மூச்சே இல்லையே...

தோயோ: வாயை மூடிட்டுத் தட்டுங்க! கினு, எந்திரிடி. எங்கூடச் சண்டை போடணும்ல... என்னைத் திட்டவாவது எந்திரிடி, கழுதை...

கினு: ...ஹ்க்...

கன்பெய்: கக்குறா! தண்ணி கக்குறா!

தோயோ: அப்படித்தான்... எல்லாத்தையும் கக்கிடு. இந்தா, என் மேல சாஞ்சுக்கோ.

கினு: அக்கா...

தோயோ: பேசாதே. வயிறு வலிக்குதா?

கினு: இல்ல... உதைக்குது.

கன்பெய்: உதைக்குதாம்! கேட்டியா தோயோ? உதைக்குதாம்! கரைக்குப் போனதும் பெருசா நெருப்பைப் போட்டு, சூடா மீசோ கஞ்சி...

கினு: அக்கா. மொதத் தடவை வந்தப்பவே என்னைப் பாத்தேல்ல?

தோயோ: பேசாதேன்னேன்ல. சாஞ்சுக்கோ.

கினு: என் கண்ணைப் பாத்தே. கூப்பிட்டேன். முதுகைக் காட்டிட்டுப் போயிட்டே.

கன்பெய்: உன்னைப் பேய்னு நெனச்சுட்டாம்மா. உங்க ரெண்டு பேருக்கும் ஒரே மூஞ்சி வேற. உன் துணியில நட்சத்திரம் இல்லையே.

கினு: யாரு சொன்னது? அக்கா தைச்சது இருக்கே. விடியறதுக்கு முன்னால இருட்டுல எடுத்துக் கட்டிக்கிட்டு வந்தேன்... அவுத்துக் காட்டுறேன், பாருங்க... ஐயோ, எங்க போச்சு? ஊசி ஓட்டை மட்டும் இருக்கு...

கன்பெய்: அதான் எனக்கும் புரியல. தோயோ, அது பேய் இல்லன்னு அவ்வளவு உறுதியா எப்படி...

கினு: அக்கா? ஏன்க்கா அழறே?

தோயோ: நேத்து நீ தூங்குனதும் நான்தான்டி அதைப் பிரிச்சேன்... நட்சத்திரம் இல்லன்னா பயந்துக்கிட்டு நீ கடல் பக்கமே போக மாட்டியேன்னு.