எருதும் காளையும் ஒண்ணில்லீங்க

இல்லீங்க சார், எருதும் காளையும் ஒண்ணில்லீங்க. உங்க மடியில இருக்கற அகராதில அப்படிப் போட்டிருந்தா பேனா எடுத்து அடிச்சுருங்க. சும்மா உட்டா காளை, காயடிச்சு ஏருல பூட்டுனா எருது. கொம்பு ஒண்ணுதான், திமில் ஒண்ணுதான். சமாச்சாரம் வேற.

எனக்கு எப்படித் தெரியும்ங்களா? பொழப்பே அதானுங்களே. முத்துசுவாமின்னு பேரு. மீனாட்சிபுரம் பால் சொசைட்டியில மாட்டுக்குச் சினை ஊசி போடறேன். ஊசிக்காரர்னு கேட்டீங்கன்னா நாய்கூட ஊட்டைக் காட்டும். இப்பெல்லாம் காளை எங்கீங்க? அதோட சமாச்சாரம் கேனுக்குள்ள உறைஞ்சு கெடக்குது. நாந்தான் வண்டியில வெச்சு ஊடு ஊடாக் கொண்டுபோறேன்.

எழுதிக்கறீங்களா? எழுதுங்க, எழுதுங்க. வட்டார வார்த்தை சேக்கற வாத்தியாருக்கு பஸ்ஸை உட்டு எறங்கறதுக்குள்ள நானே பாதி பொஸ்தகம் சொல்லுவேன். பூச்சிக்காளைன்னா ஏதோ பூச்சின்னு போட்டுறாதீங்க, பசுவுக்குச் சேர்க்கறதுக்குன்னே வளர்க்கற காளை அது. சண்டின்னா நடு வயல்ல படுத்துக்கிட்டு வாலைக் கடிச்சாலும் எந்திரிக்காத எருது. என்ற மச்சானுக்கும் அதே பேருதான். அப்பறம் மலையாளத்துல மூரின்னா எருது, மூரி நிவர்த்தறதுன்னா சோம்பல் முறிக்கறது. எருது எங்கீங்க சோம்பல் முறிச்சுது? மனுசன் முறிக்கறதுக்கு மாட்டு மேல பழி.

இதெல்லாம் என்ற அம்மாகிட்டக் கத்துக்கிட்டதுங்க. கமலாத்தாள்னு பேரு. வாயைத் தொறந்தா மாடுதான். ஊர் சுத்துனா கோயில் மாடு, வேலை செஞ்சா செக்கு மாடு. ஒம்பது வருசமா இன்னொரு வார்த்தையும் ஊட்டுக்குள்ள ஓடுதுங்க. வறமாடு. கன்னு போடாத மாடு. வேற யாரை, என்ற சம்சாரம் வனிதாவைத்தான். வறமாடு எந்திரிச்சுதா, வறமாடு காபி வெச்சுதா. பேரே மறந்துபோச்சு.

வனிதா சிரிச்சுக்குவா. நெம்ப நல்லவ சார். ஆனா போன மாசம் ஒரு நாளு சிரிக்கல. பால் போசியைக் கழுவிட்டு இருந்தா. கழுவி முடிச்சும் கழுவிட்டே இருந்தா. எனக்கு வெக்கமாப் போச்சுங்க. மக்யா நாளே, விடிஞ்சதும் பாலக்காட்டுக்குப் பஸ் ஏறிட்டேன்.

எதுக்குங்களா? சொல்றேன், சிரிக்கக் கூடாது. ஆசுபத்திரியில டாக்டரு மலையாளத்துல கேக்கறாரு, குட்டிகள் எத்ரயுண்டுன்னு. நானு பழக்கதோசத்துல, போன வருசம் மட்டும் நானூத்துப் பத்துங்கன்னுட்டேன்.

டாக்டரு பேனாவைக் கீழ வெச்சுட்டாரு. எனக்குக் குட்டின்னா கன்னுக்குட்டி, அவங்களுக்குக் குட்டின்னா கொழந்தையாச்சே! பாலக்காட்டு ஜில்லாவுல பொறந்து வளர்ந்தவனுக்கு அது தெரியாதுங்களா? பயம் சார். பயத்துல நாக்கு கட்டுத்தறிக்குப் போயிருச்சு.

சிரிங்க, பரவால்ல. டாக்டரும் சிரிச்சாரு. இன்னைக்கு ரிசல்ட்டைக் கையில குடுக்கறப்பத்தான் சிரிக்கல. இதா, இந்தக் கவரு. கொறை எங்கிட்டத்தான்னுட்டாரு. வனிதாவுக்கு மூணு வருசம் முன்னாலயே பாத்தாச்சுங்க, ஒண்ணுமில்லைன்னாங்க. அம்மா நம்புல. நானும் வாயைத் தொறக்கல. ஊரு மாட்டையெல்லாம் சினையாக்கறவன், கொறை எங்கிட்டயா இருக்கும்னு எப்படிச் சொல்றது, சொல்லுங்க.

அதானுங்க, அந்த அகராதியைச் சித்த பொரட்டுங்க. மலடிக்கு ஆம்பளை வார்த்தை என்னன்னு பாருங்க. மலடனா? இருக்குதுங்களா! நாப்பது வருசத்துல காதுல உழுந்ததே இல்லீங்களே. பொஸ்தகத்துல இருக்குது, ஊர்லதான் இல்ல. இதைப் போயி எங்கம்மாகிட்டச் சொன்னா ஏதோ சாமி பேருன்னு நெனச்சுக் கும்புட்டுக்கும்.

வேண்டாங்க, மூடிருங்க. எருதுன்னே சொல்லிடறேன். அம்மா, உன்ற மருமக வறமாடு இல்ல, உன்ற மவன்தான் எருதுன்னு. அதுக்குப் புரியும். அழுவும், அழுவட்டும். மாட்டுப் பொங்கலுக்கு அம்மா மொதக் குங்குமப் பொட்டு எருதுக்குத்தான வெக்குது.

ஊரு வந்துருச்சுங்க. சித்த காலை ஒதுக்குங்க சார், எறங்கோணும். அப்பறம், நான் சொன்னதெல்லாம் எழுதிக்கிட்டீங்கல்ல? அந்த வறமாடுங்கறதை மட்டும் அடிச்சுருங்க. வர்றேனுங்க.