பக்கத்து வீட்டுக்கு ஒரு ஆள்

...அதில்லைப் பிள்ளை, நாங்கள் இப்ப போற இந்தத் தீவில ஒரு தும்மல் தும்மேலாது. காலமை யன்னல் சீலை திறக்கக் கொஞ்சம் பிந்தினால், முன்வீட்டுக் கீர்ஸ்டின் போன் எடுப்பா, 'யசிந்தா, சுகமில்லையோ' எண்டு. நித்திரை கொள்ளவும் ஊரைக் கேக்கவேணும். ஒடென்சே டவுனில உங்கடை மாடியில, பக்கத்துக் கதவில ஆர் இருக்கினம் எண்டு தெரியுமோ? தெரியாதெல்லே. குடுத்துவைச்ச ஆள் நீங்கள்.

கப்பல் ஆடும், இஞ்சாலை தள்ளி இருங்கோ. என்ன சொன்னனான்... ஓம், ஊர்ச்சனம். இந்தக் கொடிக் கதையைக் கேளுங்கோ. இஞ்சத்தை டெனிஷ் வழக்கத்துக்குப் பிறந்தநாளெண்டால் முத்தத்துக் கம்பத்தில கொடி ஏத்தவேணும். என்ரை மனுசன் யேசுரட்ணத்துக்கு அறுபது. அண்டைக்கு அடிச்ச காத்துக்கு, உச்சியில விட்டால் புதுக்கொடி கிழிஞ்சுபோம் எண்டு பாதியில இறுக்கிக் கட்டிப்போட்டுக் கேக்குக்கு மா குழைக்கிறன். கொஞ்சத்தாலை பாத்தால் எல்லா வீட்டுக் கொடியும் பாதியில. என்னைப் பாத்துப் பழகுதுகள் எண்டு எனக்கொரு பெருமை.

பிறகு கதவில மணி. பாதிரியார், கீர்ஸ்டின், கடைக்காரன். பூங்கொத்து, ஒரு பானை சூப்பு. பாதியில கட்டினால் சாவீட்டுக் கொடியாம், எனக்கு ஆர் சொன்னது? கதவைத் திறந்தது இடுப்பில கட்டின சாறத்தோடை இவர். பாதிரியார் செபப் புத்தகத்தை முதுகுக்குப் பின்னாலை ஒளிச்சார். இவர் பூவை வாங்கி, 'பிறந்தநாளை மறக்காமல் வந்தியள்' எண்டு நன்றி சொல்லுறார். வாடினாப் பிறகும் அதை எறிய விடேல்லை.

அந்த மனுசனோடை என்னத்தைக் கதைக்கிறது? ஓம் எண்டுவார், இல்லையெண்டுவார். பிள்ளையள் தூர, புரொண்பியில, போனிலையும் டெனிஷ்தான். அதுதான் இஞ்சத்தை வயோதிபர் இல்லத்தில உங்களுக்கு வேலை எண்டவுடனை, பக்கத்து வீடு வாடகைக்கு இருக்கெண்டு நான் உங்களுக்குப் போன் எடுத்துச் சொன்னது. வேலிக்கு மேலாலை தமிழில நாலு கதை கதைக்கலாமெல்லே. எண்டாலும் ஊரைப்பற்றி உள்ளதைச் சொல்லிப்போடவேணும், பிறகு என்னைக் குறை சொல்லக்கூடாது.

கரை வந்திட்டுது, எழும்புங்கோ. அதென்ன சனம்... முழு ஊரும் இறங்குதுறையில நிக்குது. நீங்கள் வீடு பாக்க வாறதைக் கீர்ஸ்டினுக்கு மட்டுந்தான் சொன்னனான். பேர், வேலை, அந்தக் கலியாணம் முறிஞ்ச கதை... நீங்கள் போனில சொன்னதுகளைத்தான், கூட்டிக் குறைக்கேல்லை.

பிள்ளை, எழும்பினனீங்கள் ஏன் திரும்ப இருக்கிறியள்? கப்பல் இப்ப திரும்பிப்போயிடும்.

...சரி. கொஞ்சம் தள்ளி இருங்கோ, நானும் உங்களோடை வாறன். இவ்வளவு சனத்துக்கும் நான் தனிய இறங்கிப்போய் என்னத்தைச் சொல்லுறது?