இஷ்பெலைக் கூட்டிப்போக வந்தவர்

மலைப் பயணத்துக்கு வருகிறவர்கள் வண்டியின் இடப்பக்கம் உட்கார வேண்டும். வலப்பக்கம் உட்கார்ந்தால் போகிற வழியெல்லாம் பாறையும் எதிரே வருகிற லாரியும்தான். ஏரி, அதன் கரையிலிருந்து ஏறுகிற மலை, அக்டோபரில் துருப்பிடித்த இரும்பு மாதிரி சிவந்து கிடக்கிற பெரணிச் செடிகள், எல்லாம் இடப்பக்கம் இருக்கிறவர்களுக்குத்தான். எங்கள் ஊரான இன்வர்னெஸ்ஸில் காலையில் கூட்டம் ஏறும்போது இதை நான் யாருக்கும் சொல்வதில்லை. சொன்னால் சண்டை வரும். இஷ்பெலை மட்டும் எல்லாருக்கும் முன்னால் ஏற்றி, இடப்பக்கம் முதல் இருக்கையில் உட்கார வைத்து, பெல்ட்டை மாட்டிவிடுவேன். கடைசி நாள் வரை அவளுக்கு நான் ஒரு குறையும் வைக்கவில்லை. அதனால்தான் இதிலிருந்து தொடங்குகிறேன்.

நிதானமாகச் சொல்லுங்கள் என்றீர்கள். சொல்கிறேன். இந்த ஒலிப்பதிவுக் கருவி எனக்குத் தொந்தரவில்லை. மைக்கில் பேசியே பிழைத்தவன் நான்.

என் பெயர் முர்டோ கில்லாண்டர்ஸ். சுற்றுலா வண்டி ஓட்டுவதும் வழிகாட்டுவதும் நானே. சிறிய கம்பெனி, வேறு ஆள் போடமாட்டார்கள். காலையில் கிளம்பி, ஏரிக்கரை வழியாக மலைக்குள் போய், ஆரக் பள்ளத்தாக்கில் அருவியைக் காட்டி, அதைத் தாண்டி ஒரு கடையில் மதியச் சாப்பாடு போட்டு, வேறு வழியாகச் சுற்றிக்கொண்டு இருட்டுவதற்குள் ஊர் திரும்ப வேண்டும். பழகிய சிரிப்புத் துணுக்குகள் சில வைத்திருக்கிறேன். எந்த வளைவில் எதைச் சொல்ல வேண்டும் என்று என் வாய்க்கே தெரியும். மனசு வேறெங்கோ இருக்கலாம்.

இஷ்பெல் என் மனைவி. கால்நடை மருத்துவமனையில் வரவேற்பில் இருந்தாள். எங்கள் பக்கத்தில் இருக்கிற ஒவ்வொரு நாயின் பெயரும் அவளுக்குத் தெரியும். நாய்க்கு உடையவர் யார் என்று கேட்டால் கொஞ்சம் யோசிப்பாள். வியாதி வந்தபோது முதலில் நாய்களின் பெயர்கள் போயின. பிறகு அடுப்பு, குழாய், கழிவறைக் கதவு. பிறகு நான்.

இதைச் சரியாகச் சொல்ல வேண்டும். முர்டோவை அவள் மறக்கவில்லை. முர்டோ அவளுக்கு நன்றாக நினைவிருந்தான். கறுத்த முடியும் ஒல்லி உடம்புமாக, வேலைக்குப் போயிருக்கிற ஒருவன். சீக்கிரம் வந்துவிடுவான். நான்தான் வீட்டுக்குள் புகுந்துவிட்ட கிழவன். என் கையைக் கடித்தாள். நான் குப்பை போட வெளியே வந்தபோது கதவைப் பூட்டிக்கொண்டு, ஜன்னல் வழியாக என்னை மிரட்டினாள். "முர்டோ வர்ற நேரம். உன்னை இங்க பார்த்தா நல்லா இருக்காது, போயிடு." நான்தான் முர்டோ என்று ஆரம்பத்தில் சொல்லிப் பார்த்தேன். அவள் அழுதாள். முர்டோவை நான் என்னமோ செய்துவிட்டேன் என்று நினைத்தாள். அப்புறம் சொல்வதை விட்டுவிட்டேன்.

பகலில் அவளைப் பார்த்துக்கொண்ட மையத்தை மூடிவிட்டார்கள். முதியோர் இல்லத்துக்குக் காத்திருக்கச் சொன்னார்கள். எத்தனை காலம் என்று கேட்டால், இடம் காலியாகும்போது என்றார்கள். இடம் எப்படிக் காலியாகும் என்பது அவர்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். டண்டீயில் இருக்கிற அவள் தங்கை ஒரு நாள் வந்தாள். நல்லாத்தானே இருக்கா என்று சொல்லி, தேநீர் குடித்துவிட்டுப் போனாள். நான் தூங்கி எவ்வளவு நாளாயிற்று என்று எனக்கே தெரியவில்லை. மாலையில் வண்டி கழுவுகிற கொட்டகைக்குள் போய், தண்ணீரை முழு வேகத்தில் திறந்துவிட்டு, வண்டிக்குள் உட்கார்ந்து கத்துவேன். வெளியே கேட்காது. கத்தி முடித்ததும் வண்டி சுத்தமாக இருக்கும்.

அவளை வண்டியில் கூட்டி வர அனுமதி கேட்டேன். என் முதலாளி மோர்வென் இரக்கமுள்ளவள்தான். "சீட் காலியா இருந்தா கூட்டிட்டு வா, முர்டோ. ஆனா உன் வீட்டம்மான்னு யார்கிட்டயும் சொல்லாத. சனங்க லீவுக்கு வந்திருக்காங்க. இதெல்லாம் பார்க்க அவங்களுக்குப் பிடிக்காது" என்றாள். பயணிகள் பட்டியலில் இஷ்பெலின் பெயர் இருக்காது. அவள் தனியாக வந்த ஒரு அம்மாள், அவ்வளவுதான்.

அது நல்ல ஏற்பாடாகவே இருந்தது. வண்டியில் இருக்கிற யாருக்கும் என்னைத் தெரியாது. அவளுக்கும் தெரியாது. அங்கே அவள் மற்றவர்களுக்குச் சமம். என்னை அவள் டிரைவர் என்றுதான் கூப்பிட்டாள், மரியாதையாக. வீட்டில் கடித்தவள் வண்டியில் நன்றி சொன்னாள்.

அந்தக் கடைசி நாளில் அவள் பக்கத்தில் நோரீன் ஹெப்டன் என்கிற பெண்மணி உட்கார்ந்தார். யார்க்‌ஷர்க்காரர், கணவரை இழந்தவர், வாயாடி, நல்ல மனசு. ஏரி முடிவதற்குள் இருவரும் சிநேகிதிகளாகிவிட்டார்கள். கண்ணாடியில் அவர்கள் முகம் தெரியும், பேச்சும் கேட்கும். வீட்டுக்காரர் வரவில்லையா என்று நோரீன் கேட்டார்.

"வருவாரு. வேலைக்குப் போயிருக்காரு" என்றாள் இஷ்பெல். "நல்ல மனுஷன். என்மேல உசுரையே வச்சிருக்காரு. ஒரு நாள் முகம் சுளிச்சதில்ல." பிறகு குரலைத் தாழ்த்தினாள். "இந்த டிரைவரப் பாருங்க, பாவம். வீட்ல கவனிக்க ஆளே இல்ல போல."

நோரீன் சிரித்தார். நானும் சிரித்தேன். அடுத்த வளைவு வந்தது. அங்கே சொல்ல வேண்டியதைச் சொன்னேன்.

அவள் என்னைப் புகழ்கிறாள் என்றுதானே நீங்கள் நினைப்பீர்கள்? நான் அப்படி நினைத்துப் பார்க்க முயன்றேன். ஆனால் அவளைக் குளிப்பாட்டுகிறவன் நான், துணி மாற்றுகிறவன் நான், கடி வாங்குகிறவன் நான். புகழ் மட்டும் அந்தக் கறுத்த முடிக்காரனுக்கு. அவன் ஒரு நாளும் வந்து எட்டிப் பார்க்காதவன்.

ஆரக் பள்ளத்தாக்கில் அருவிக்கு முன்னால் கூரையில்லாத கல்வீடுகள் சில இருக்கின்றன. அங்கே குடியிருந்த சனங்களை நிலச்சுவான்தார் ஆடு மேய்ப்பதற்காகக் கூரைக்குத் தீ வைத்து விரட்டிய கதையை மைக்கில் சொல்வேன். எல்லாரும் வருத்தப்படுவார்கள். அப்புறம் கழிப்பறை எங்கே என்று கேட்பார்கள். அன்றைக்கும் அப்படித்தான். அவர்களை அருவிப் பாதையில் அனுப்பிவிட்டு நானும் இஷ்பெலும் வண்டியில் இருந்தோம். பாதை வழுக்கும் என்பதால் அவளை நான் அனுப்புவதில்லை.

அவள் ஜன்னலைத் தட்ட ஆரம்பித்தாள். முர்டோ காத்திருப்பான், இறக்கிவிடு என்றாள். முதலில் கையால், பிறகு நெற்றியால். இறங்குங்கள் என்று இறக்கினேன். சாலை ஓரமாக நடந்தோம். எங்கே கூட்டிப் போகிறாய் என்றாள். அவளை அமைதிப்படுத்துவதற்காக, தினமும் நூறு தடவை சொல்வதைப் போல ஒன்றைச் சொன்னேன்.

"உங்க வீட்டுக்காரர் வர்ற இடத்துக்கு."

அவள் நின்றாள். அவள் முகம் மாறியதை உங்களுக்கு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. அந்த முகத்தை எங்கள் வீட்டில் பார்த்து வருஷங்களாகிவிட்டன. தானாகவே என் கையைப் பிடித்துக்கொண்டாள். வெள்ளைப் பட்டை உரிகிற பூர்ச்ச மரங்களுக்குப் பின்னால், சாலையிலிருந்து கண்ணுக்குப் படாத ஒரு கல்வீடு உண்டு. அங்கே போனோம். வாசற்படியில், சுவர் காற்றை மறைக்கிற பக்கமாக, அவளை உட்கார வைத்தேன். அந்தப் பக்கத்தைப் பார்த்துத்தான் தேர்ந்தெடுத்தேன். இதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

"டிரைவர், என் தலை கலைஞ்சிருக்கா?"

கலைந்திருந்தது. விரலால் ஒதுக்கிவிட்டேன். அவள் கண்ணை மூடிக்கொண்டு காட்டினாள்.

"இங்கயே இருங்க" என்றேன். "எங்கயும் போயிடாதீங்க. போனா அவர் வந்து தேடுவாரு."

"போகமாட்டேன்" என்றாள்.

நான் வண்டிக்கு வந்தேன். ஒவ்வொருவராகத் திரும்பி வந்தார்கள். தலைகளை எண்ணினேன், பட்டியலுக்குச் சரியாக இருந்தது. நோரீன் மட்டும் ஏறியதும் நின்றுவிட்டார். பக்கத்து இருக்கையைப் பார்த்தார்.

"அந்த அம்மா எங்க?"

"அவங்க வீட்டுக்காரர் வந்து கூட்டிட்டுப் போயிட்டாரு."

"அப்படியா? அப்பாடா. காலையிலேர்ந்து அவரப் பத்தியே பேசிட்டிருந்தாங்க. ஆள் எப்படி இருந்தாரு?"

"சாதாரணமாத்தான் இருந்தாரு" என்றேன்.

அது பொய் என்று நீங்கள் எழுதியிருக்கிறீர்கள். நான் அதைப் பற்றி நிறைய யோசித்தேன். கணவன் வந்தான், அவளைக் கூட்டிப் போனான். இதில் பொய் எது?

வண்டியை எடுத்தேன். அடுத்த நிறுத்தம் அந்தச் சாப்பாட்டுக் கடை. எப்போதும் இஷ்பெலுக்கு ஊட்டிவிட்டு, ஆறிப்போனதை நின்றுகொண்டே விழுங்குவேன். அன்றைக்கு உட்கார்ந்து சூடான காய்கறி சூப்பும் ரொட்டியும் சாப்பிட்டேன். இன்னொரு கிண்ணம் கேட்டு வாங்கினேன். திரும்புகிற வழியில் மலைச்சரிவில் ஆண் மான்கள் உறுமுவதைக் கேட்க வண்டியை நிறுத்தி, எஞ்சினை அணைத்தேன். இது அவற்றின் இணை சேரும் பருவம், இந்த வருஷத்தின் முதல் உறைபனி இன்றிரவு விழப்போகிறது, அறைக்குப் போனதும் கதகதப்பாக இருங்கள் என்று மைக்கில் சொன்னேன். வானிலை சொல்வதும் என் வேலைதான். எல்லாரும் கைதட்டினார்கள். நோரீன் இறங்கும்போது என் கையைக் குலுக்கி, அருமையான நாள் என்றார்.

திரும்பிப் போயிருக்கலாமே என்கிறீர்கள். என் கார் கம்பெனி வாசலில்தான் நின்றது, சாவியும் கையில் இருந்தது. ஆனால் அந்தச் சாலையில் இருட்டிய பிறகு மான்கள் குறுக்கே வரும். உறைபனி விழுந்தால் டயர் பிடிக்காது. ஒரு ஓட்டுநராக அதை நான் யாருக்கும் பரிந்துரைக்கமாட்டேன். வண்டியைக் கழுவினேன். அன்றைக்குக் கத்தவில்லை. வீட்டுக்குப் போய்ப் படுத்தேன், தூங்கினேன். யாரும் கதவைத் தட்டாமல், யாரும் அழாமல், ஒரே தூக்கம். அப்படித் தூங்குவதற்காக ஒரு மனிதன் என்னவெல்லாம் செய்வான் என்று தூங்கிப் பழகியவர்களுக்குப் புரியாது.

காலையில் கஞ்சி காய்ச்சிக் குடித்துவிட்டு உங்கள் போலீஸ் நிலையத்துக்குப் போன் செய்தேன். மனைவி வீட்டைவிட்டு எங்கோ போய்விட்டாள் என்றேன். பக்கத்து வீட்டார் எல்லாரும் ஆற்றங்கரை நெடுகத் தேடினார்கள். நானும் தேடினேன். புதர்களை விலக்கி அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். அப்போது நான் நடிக்கவில்லை. அங்கேயே எங்காவது இருந்தாலும் இருப்பாள் என்றுதான் எனக்குத் தோன்றியது. ஒருவர் எனக்குச் சூப் கொண்டுவந்து கொடுத்தார். என் தோளைத் தட்டினார்.

பிறகு செய்தியில் அவள் படத்தைப் பார்த்து நோரீன் உங்களைக் கூப்பிட்டார். நல்ல எண்ணத்தில்தான் கூப்பிட்டார். யாரும் பதற வேண்டாம், அந்த அம்மாவை ஆரக் பள்ளத்தாக்கில் அவங்க வீட்டுக்காரர் வந்து கூட்டிக்கொண்டு போய்விட்டார், டிரைவரே சொன்னார் என்று. அதற்குப் பிறகுதான் நீங்கள் என் வீட்டு வாசலில் வந்து நின்று, என் வேலை என்ன என்று கேட்டீர்கள்.

மான் வேட்டைக்கு ஆட்களைக் கூட்டிப் போகிறவர் ஒருவரின் நாய்தான் அவளைக் கண்டுபிடித்தது என்றீர்கள். அந்த வாசற்படியிலேயே உட்கார்ந்தபடி குளிரில் விறைத்துப்போயிருந்தாள் என்றீர்கள். ஒரு அடிகூட நகரவில்லை. வீட்டில் ஒரு கோப்பைத் தேநீர் முடிகிற வரை உட்காராதவள். எழுந்து சாலைக்கு வந்திருந்தால் கடைசி வண்டிகளில் யாராவது பார்த்திருப்பார்கள். வரவில்லை. அவள் நிம்மதியாக இருந்தாள் என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா? இதை நான் சொன்னபோது நீங்கள் பேனாவை மூடிவிட்டு ஜன்னலைப் பார்த்தீர்கள். பரவாயில்லை.

நான்தான் அவளை அங்கே விட்டுவிட்டு வந்தேன். இதை நான் மறுக்கவே இல்லை. ஆனால் திட்டமிட்டேன் என்று எழுதாதீர்கள். அது அந்த இடத்தில், அவள் ஜன்னலில் முட்டிக்கொண்ட அந்த நிமிஷத்தில் நடந்தது. அதற்கு முன்னால் அப்படி ஒரு நினைப்பே எனக்கு இல்லை.

சமையலறை இழுப்பறையிலிருந்து நீங்கள் எடுத்துவந்த அந்த எஃகு வளையத்தைப் பற்றிக் கேட்டீர்கள். அவள் பெயர், வியாதி, என் போன் எண், எல்லாம் அதில் பொறித்திருக்கிறது. வழிதவறினால் பார்க்கிறவர்கள் எனக்குத் தகவல் சொல்வதற்காக ஆஸ்பத்திரியில் மாட்டிவிட்டது. அவள் பிடுங்கிப் போட்டுவிடக் கூடாது என்று சின்னத் திருகாணி வைத்து முடுக்கியிருந்தார்கள். அது அவள் மணிக்கட்டை உறுத்தியது. பார்க்கப் பாவமாக இருந்தது. அதனால்தான் அன்று காலை, அவளுக்குக் கோட்டு மாட்டிவிடுவதற்கு முன்னால், அதைத் திருகிக் கழற்றி வைத்தேன்.